இயங்குநிலை இணைப்பு நூலகம்

இயங்குநிலை இணைப்பு நூலகம் என்பது பல மென்பொருட்கள் பகிர்ந்து பயன்படுத்தும் வகையில் செயற்கூறுகளையும் தரவுகளையும் கொண்டிருக்கும் கணினிக் கோப்பு ஆகும். மைக்ரோசாப்ட் விண்டோஸ் இயக்குதளத்தில் இத்தகைய கோப்புகளின் பெயர்கள் பெரும்பாலும் .டிஎல்எல் என்ற நீட்சியுடன் முடிவதால், வழக்கில் இவை டிஎல்எல் கோப்புகள் என்றே அழைக்கப்படுகின்றன. இக்கோப்பைப் பயனர் நேரடியாகத் திறந்து இயக்க இயலாது. வேறொரு நிரல் இயங்கும்போது அதன் தேவைக்கேற்ப நினைவகத்தில் ஏற்றப்பட்டு இது செயற்படுகிறது.

இக்கோப்புகள் காணாமற் போனாலோ, பொருந்தாத பதிப்பாக இருந்தாலோ, அவற்றை நம்பியுள்ள மென்பொருள் தொடங்காது. அப்போது தோன்றும் பிழைச்செய்தி ஒரு கோப்பின் பெயரைக் குறிப்பிட்டாலும், பெயர் மட்டுமே சிக்கலின் காரணத்தைச் சொல்வதில்லை. அக்கோப்பு யாருக்குரியது, எந்தப் பதிப்பு, எத்தனை பிட் வகை, எந்தக் கோப்புறையில் இருக்க வேண்டும் என்னும் நான்கையும் அறிந்த பின்னரே சரியான தீர்வைக் காண முடியும்.

அடிப்படை

நிரலாளர் எழுதும் நிரல் பெரும்பாலும் தனித்து இயங்குவதில்லை. கோப்பைத் திறத்தல், சாளரத்தை வரைதல், எழுத்துக்களைத் திரையில் காட்டுதல் போன்ற பொதுவான பணிகளுக்கு ஏற்கனவே எழுதப்பட்ட செயற்கூறுகளை அது பயன்படுத்துகிறது. இவற்றை நிரலுடன் இணைக்க இரு முறைகள் உள்ளன.

* நிலையான இணைப்பு: தேவைப்படும் செயற்கூறுகளின் படி, நிரல் உருவாக்கப்படும்போதே அதன் கோப்பினுள் சேர்க்கப்படும். நிரல் தன்னிறைவு பெற்றிருக்கும். ஆயினும் ஒவ்வொரு நிரலும் அதே செயற்கூறின் தனித்தனிப் படியைச் சுமக்க நேரிடும்.
* இயங்குநிலை இணைப்பு: செயற்கூறின் பெயரும் அது உள்ள நூலகக் கோப்பின் பெயரும் மட்டுமே நிரலில் குறிக்கப்படும். நிரல் தொடங்கும்போது இயக்குதளத்தின் ஏற்றி அந்நூலகத்தைத் தேடி எடுத்து இணைக்கும்.

இரண்டாவது முறையில் வன்வட்டில் இடம் மிச்சமாகும். ஒரே நூலகத்தைப் பல நிரல்கள் பயன்படுத்தும்போது அதன் நிரற்பகுதி நினைவகத்தில் பெரும்பாலும் ஒரே படியாகப் பகிரப்படும். நூலகத்தில் ஒரு பிழை திருத்தப்பட்டால் அதைப் பயன்படுத்தும் அனைத்து நிரல்களும் பயன்பெறும். இந்நன்மைக்கு ஈடாக, தன்னிடம் இல்லாத ஒரு கோப்பை நம்பியிருக்கும் நிலைக்கு நிரல் உள்ளாகிறது. கீழே விளக்கப்படும் சிக்கல்களில் பெரும்பாலானவை இந்தச் சார்பிலிருந்தே பிறக்கின்றன.

வரலாறு

நிரல் இயங்கும்போதே நூலகங்களை இணைக்கும் முறை 1960களில் மசாசுசெட்ஸ் தொழில்நுட்பக் கழகம், பெல் ஆய்வகம், ஜெனரல் எலக்ட்ரிக் ஆகியவை இணைந்து உருவாக்கிய மல்ட்டிக்ஸ் இயக்குதளத்தில் இடம்பெற்றிருந்தது.

1985 நவம்பரில் வெளியான விண்டோஸ் 1.0 பதிப்பு, 256 கிலோபைட் நினைவகம் கொண்ட கணினியிலும் இயங்குமாறு வடிவமைக்கப்பட்டது. இத்தகைய குறுகிய நினைவகத்தில் பல நிரல்கள் இயங்க வேண்டுமாயின் பொதுவான நிரற்பகுதியைப் பகிர்வது இன்றியமையாததாயிற்று. இதனால் கெர்னல், யூசர், ஜிடிஐ ஆகிய மூன்று அடிப்படைக் கூறுகளும் பகிர்வு நூலகங்களாகவே அமைந்தன. 1992இல் வெளிவந்த விண்டோஸ் 3.1, கோப்பைத் திறப்பதற்கும் அச்சிடுவதற்குமான பொது உரையாடற் பெட்டிகளை ஒரு நூலகமாக வழங்கியது. பல்வேறு மென்பொருட்களில் ஒரே தோற்றமுடைய பெட்டிகள் தோன்ற இது வழிவகுத்தது. 1993இல் வெளியான விண்டோஸ் என்டி 3.1 பதிப்புடன் அறிமுகமான பிஇ கோப்பு வடிவமே, பிற்கால விரிவாக்கங்களுடன், இன்றும் டிஎல்எல் கோப்புகளுக்குப் பயன்படுகிறது.

கோப்பின் அமைப்பு

அமைப்பில் டிஎல்எல் கோப்புக்கும் .இஎக்ஸ்இ என முடியும் இயங்கு கோப்புக்கும் பெரிய வேறுபாடு இல்லை. இரண்டும் எம், இசட் என்னும் இரு ஆங்கில எழுத்துக்களுடன் தொடங்குகின்றன. எம்எஸ்-டாஸ் இயக்குதளத்தின் வடிவமைப்பாளர்களுள் ஒருவரான மார்க் ஸ்பிக்கோவ்ஸ்கியின் பெயரின் முதலெழுத்துக்கள் இவை. தலைப்பகுதியில் உள்ள ஓர் அடையாளக்குறி இக்கோப்பு நூலகம் என்பதை உணர்த்துகிறது.

கோப்பினுள் காணப்படும் முதன்மையான பகுதிகள்:

* ஏற்றுமதிப் பட்டியல்: பிற நிரல்கள் அழைக்கக்கூடிய செயற்கூறுகளின் பெயர்கள் அல்லது எண்கள்.
* இறக்குமதிப் பட்டியல்: இந்நூலகம் தானே நம்பியிருக்கும் பிற நூலகங்களின் பெயர்கள்.
* வளங்கள்: படவுருக்கள், உரைகள், பதிப்பு எண், வெளியிட்ட நிறுவனத்தின் பெயர் போன்றவை.
* செயலி வகை: 32-பிட் இன்டெல் வகைக்கு 014சி எனவும், 64-பிட் வகைக்கு 8664 எனவும் பதினறும எண்ணால் குறிக்கப்படும்.

நீட்சி வேறாக இருந்தாலும் சில கோப்புகள் உள்ளமைப்பில் டிஎல்எல் கோப்புகளே ஆகும். கட்டுப்பாட்டுப் பலகத்தின் .சிபிஎல் கோப்புகளும் .ஓசிஎக்ஸ் கோப்புகளும் இதற்கு எடுத்துக்காட்டுகள்.

நூலகம் தேடப்படும் ஒழுங்கு

ஒரு நிரல் முழுப்பாதையைக் குறிப்பிடாமல் கோப்பின் பெயரை மட்டும் கேட்டால், விண்டோஸ் ஓர் ஒழுங்கில் அதைத் தேடும். அதே பெயருள்ள நூலகம் அந்நிரலுக்காக ஏற்கனவே ஏற்றப்பட்டிருந்தால் அதுவே பயன்படும். அறியப்பட்ட நூலகங்கள் என்று பதிவகத்தில் குறிக்கப்பட்ட கோப்பானால் இயக்குதளத்தின் படி எடுத்துக்கொள்ளப்படும். மற்ற மேசைக்கணினி மென்பொருட்களுக்குப் பொதுவாகப் பின்வரும் ஒழுங்கு பின்பற்றப்படுகிறது.

1. மென்பொருள் இருக்கும் கோப்புறை
2. சிஸ்டம்32 கோப்புறை
3. 16-பிட் காலத்திய சிஸ்டம் கோப்புறை
4. விண்டோஸ் கோப்புறை
5. நடப்புக் கோப்புறை
6. பாத் என்னும் சூழல் மாறியில் குறிக்கப்பட்ட கோப்புறைகள்

முன்னர் நடப்புக் கோப்புறை இரண்டாம் இடத்தில் இருந்தது. பயனர் திறக்கும் ஆவணம் உள்ள கோப்புறையிலேயே தீய நூலகம் ஒன்றை வைத்து ஏமாற்ற இது இடமளித்ததால், 2004இல் வெளியான விண்டோஸ் எக்ஸ்பி இரண்டாம் சேவைத் தொகுப்பு முதல் நடப்புக் கோப்புறை இயல்பாகவே பின்னுக்குத் தள்ளப்பட்டது. எனினும் வேறெங்கும் கிடைக்காத கோப்பு நடப்புக் கோப்புறையிலிருந்து ஏற்றப்படும் வாய்ப்பு நீடித்தது. 2010 ஆகத்தில் மைக்ரோசாப்ட் இதுபற்றிப் பாதுகாப்பு அறிவுரை ஒன்றை வெளியிட்டது.

டிஎல்எல் நரகம்

1990களில் மென்பொருட்களை நிறுவும் நிரல்கள், தமக்குத் தேவையான நூலகங்களைப் பொதுவான சிஸ்டம் கோப்புறையில் படியெடுத்து வைத்தன. புதிய மென்பொருள் ஒன்று பழைய பதிப்பை மேலெழுதிவிட்டால், அதுவரை நன்கு இயங்கிய வேறொரு மென்பொருள் செயலிழந்தது. ஒரு மென்பொருளை நீக்கும்போது பிறவற்றுக்குத் தேவையான பகிர்வுக் கோப்பும் சேர்ந்து நீங்குவதுண்டு. இந்நிலைமை நிரலாளர்களிடையே டிஎல்எல் நரகம் எனப் பெயர்பெற்றது.

இதனைக் கட்டுப்படுத்தப் பின்வரும் ஏற்பாடுகள் செய்யப்பட்டன.

* விண்டோஸ் 2000: இயக்குதளத்தின் முக்கியக் கோப்புகள் மாற்றப்பட்டால், சேமிப்பில் உள்ள மூலப்படியைக் கொண்டு அவற்றை மீட்கும் வசதி சேர்க்கப்பட்டது.
* விண்டோஸ் எக்ஸ்பி (2001): ஒரே நூலகத்தின் பல பதிப்புகள் அருகருகே இருக்க வின்எஸ்எக்ஸ்எஸ் என்னும் கோப்புறை வழிசெய்தது. தனக்கு எந்தப் பதிப்பு வேண்டும் என்பதை மென்பொருள் ஓர் அறிக்கைக் கோப்பின் வழியே தெரிவிக்கும்.
* விண்டோஸ் விஸ்டா (2007): நிர்வாகி உரிமை பெற்ற நிறுவும் நிரல்கள்கூடக் காக்கப்பட்ட கோப்புகளை எளிதில் மாற்ற இயலாதவாறு அனுமதிகள் இறுக்கப்பட்டன.

பல மென்பொருள் நிறுவனங்கள் தமது நூலகங்களைத் தமது கோப்புறையிலேயே வைக்கத் தொடங்கின. இதனால் மோதல்கள் குறைந்தன. ஆனால் வேறொரு சிக்கல் எழுந்தது. 2004 செப்டம்பரில், ஜேபெக் படங்களைக் கையாளும் ஜிடிஐபிளஸ் நூலகத்தில் ஒரு பாதுகாப்புக் குறைபாடு இருப்பதாக மைக்ரோசாப்ட் அறிவித்தது. தீய நோக்கில் உருவாக்கப்பட்ட படத்தைப் பார்ப்பதே கணினியைப் பிறர் கட்டுப்பாட்டில் விடக்கூடியதாக இருந்தது. இந்நூலகத்தின் தனிப்படிகளைப் பல மென்பொருட்கள் தத்தம் கோப்புறைகளில் வைத்திருந்தமையால், இயக்குதளத்தை இற்றைப்படுத்துவது மட்டும் போதவில்லை. ஒவ்வொரு மென்பொருளையும் தனித்தனியே திருத்த வேண்டியிருந்தது. பகிர்ந்தால் மோதலும், பகிராவிட்டால் திருத்தப்படாத பழைய படிகளும் நேரும் என்பதை இந்நிகழ்வு காட்டியது.

எடுத்துக்காட்டு: தமிழ் எழுத்துக்கள்

ஒருங்குறியில் கொ என்னும் எழுத்து, ககர மெய்யை அடுத்து ஒகர உயிர்க்குறி என்ற ஒழுங்கிலேயே சேமிக்கப்படுகிறது. திரையில் காட்டும்போது அவ்வுயிர்க்குறி இரண்டாகப் பிரிந்து ககரத்தின் இருபுறமும் அமைய வேண்டும். விண்டோஸில் இப்பணியைச் செய்ய யுனிஸ்கிரைப் என்னும் நூலகம் உருவாக்கப்பட்டது. இதன் கோப்பு யுஎஸ்பி10.டிஎல்எல் ஆகும். விண்டோஸ் 2000 தமிழை ஆதரித்ததும் இதன் வழியாகவே. அக்காலத்தில் மைக்ரோசாப்ட் ஆபீஸ் தனக்கென இந்நூலகத்தின் வேறொரு படியை வைத்திருந்தது. ஆகவே ஒரே கணினியில், ஒரே எழுத்துருவில் அமைந்த தமிழ் உரை ஒரு மென்பொருளில் சரியாகவும் மற்றொன்றில் சிதைந்தும் தெரிய இடமிருந்தது. இத்தகைய வேளைகளில் பழுது எழுத்துருவிலோ உரையிலோ இல்லாமல் நூலகத்தின் பதிப்பில் இருக்கக்கூடும்.

கோப்பை அடையாளம் காணுதல்

அறியாத பெயருடைய டிஎல்எல் கோப்பைக் கண்டால் அதை உடனே நீக்குவதோ மாற்றுவதோ தவறு. முதலில் பின்வருவனவற்றை ஆராய வேண்டும்.

* இருப்பிடம்: இயக்குதளத்துக்குரிய நூலகம் சிஸ்டம்32 கோப்புறையில் இருப்பது இயல்பு. அதே பெயருடைய கோப்பு தற்காலிகக் கோப்புறையில் காணப்பட்டால் ஐயுற வேண்டும்.
* பதிப்புத் தகவல்: கோப்பின் பண்புகள் சாளரத்தில் நிறுவனத்தின் பெயர், பதிப்பு எண், மூலக் கோப்புப்பெயர் ஆகியவற்றைக் காணலாம். எவரும் விரும்பியவாறு எழுதக்கூடியது என்பதால் இத்தகவல் மட்டும் சான்றாகாது.
* எண்ணிமக் கையொப்பம்: கையொப்பம் செல்லுபடியாகுமானால் கோப்பு மாற்றப்படவில்லை என அறியலாம். விண்டோஸின் பல கோப்புகளுக்குக் கையொப்பம் தனியான பட்டியல் கோப்பில் இருப்பதால், பண்புகள் சாளரத்தில் கையொப்பம் காணப்படாமை மட்டுமே குற்றச்சான்று ஆகாது. சிக்செக் என்னும் கருவி இரு வகைகளையும் சரிபார்க்கும்.
* பயன்படுத்தும் நிரல்: டாஸ்க்லிஸ்ட் கட்டளையை எம் என்ற தெரிவுடன் இயக்கினால் ஒவ்வொரு நிரலும் ஏற்றியுள்ள நூலகங்கள் பட்டியலிடப்படும். பிராசஸ் எக்ஸ்புளோரர் கருவி இதையே வரைகலை வடிவில் காட்டும்.

பெயரைக் கொண்டே உரியவரை ஊகிக்கக்கூடிய சில கோப்புகள்:

* கெர்னல்32, யூசர்32, ஜிடிஐ32: விண்டோஸ் இயக்குதளம்.
* எம்எஸ்விசிஆர்100, எம்எஸ்விசிஆர்110, எம்எஸ்விசிஆர்120: முறையே விசுவல் சி++ 2010, 2012, 2013 ஆகியவற்றின் இயக்கநேர நூலகங்கள். இவ்வெண்கள் ஆண்டைக் குறிப்பன அல்ல, 10.0, 11.0, 12.0 என்னும் உள்பதிப்பு எண்களைக் குறிக்கின்றன.
* எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140: விசுவல் சி++ 2015 பதிப்பும் அதன் பின்வந்தனவும்.
* எம்எஸ்விபிவிஎம்60: 1998இல் வெளியான விசுவல் பேசிக் 6.0.
* டி3டிஎக்ஸ்9_43: டைரக்ட்எக்ஸ் 9 துணை நூலகம். கணினியில் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இக்கோப்பு இருக்கும் என்பதற்கு உறுதியில்லை. பழைய விளையாட்டுகளுக்கு இதனைத் தனியே நிறுவ வேண்டியிருக்கும்.

பிழைச்செய்திகளும் அவற்றின் பொருளும்

* கோப்பு கிடைக்கவில்லை: தேடும் இடங்கள் எதிலும் அப்பெயருடைய கோப்பு இல்லை. மென்பொருள் முழுமையாக நிறுவப்படாமை, நச்சுநிரல் எதிர்ப்பான் அக்கோப்பை ஒதுக்கி வைத்தமை, தேவையான இயக்கநேரத் தொகுப்பு இல்லாமை ஆகியன பொதுவான காரணங்கள்.
* பிழை எண் 126: குறித்த கூறு கிடைக்கவில்லை எனப் பொருள்படும். கோப்பு கண்முன்னே இருந்தும் இப்பிழை தோன்றலாம். அக்கோப்பு நம்பியிருக்கும் மற்றொரு நூலகம் இல்லாதபோது இவ்வாறு நிகழும்.
* செயற்கூறின் நுழைவிடம் காணப்படவில்லை: கோப்பு உள்ளது, ஆனால் அழைக்கப்பட்ட செயற்கூறு அதில் இல்லை. பதிப்பு பொருந்தவில்லை என்பதன் அறிகுறி இது. கெர்னல்32 பெயருடன் இச்செய்தி வந்தால், அம்மென்பொருளுக்குப் புதிய விண்டோஸ் பதிப்பு தேவைப்படுகிறது என்பதே பெரும்பாலும் பொருள்.
* 0எக்ஸ்சி000007பி அல்லது பிழை எண் 193: கோப்பின் வடிவம் ஏற்கத்தக்கதாக இல்லை. 64-பிட் மென்பொருள் 32-பிட் நூலகத்தையோ, 32-பிட் மென்பொருள் 64-பிட் நூலகத்தையோ ஏற்ற முயன்றால் இது தோன்றும். சிதைந்த கோப்பும் காரணமாகலாம்.
* 0எக்ஸ்சி0000142 அல்லது பிழை எண் 1114: நூலகம் கிடைத்தது, ஆனால் அதன் தொடக்கச் செயல் தோல்வியுற்றது.

64-பிட் விண்டோஸில் ஒரு குழப்பம் அடிக்கடி நேர்கிறது. சிஸ்டம்32 என்ற பெயருடைய கோப்புறையில் 64-பிட் நூலகங்களும், சிஸ்வாவ்64 என்ற பெயருடைய கோப்புறையில் 32-பிட் நூலகங்களும் உள்ளன. பழைய நிரல்களில் சிஸ்டம்32 என்ற பெயர் பதிந்துவிட்டதால் 64-பிட்டுக்கு மாறிய பின்னரும் அப்பெயர் தக்கவைக்கப்பட்டது. பெயரில் உள்ள எண்ணை நம்பிக் கோப்பைப் படியெடுப்போர் தவறான வகையை வைத்துவிட நேர்கிறது.

சீர்செய்யும் முறை

எளியதும் தீங்கற்றதுமான வழியிலிருந்து தொடங்குவது நன்று.

1. பிழைச்செய்தியை முழுமையாகக் குறித்துக்கொள்ள வேண்டும். கோப்பின் பெயர், பிழை எண், எந்த மென்பொருளைத் தொடங்கியபோது தோன்றியது என்பன தேவை.
2. அண்மையில் ஏதேனும் நிறுவப்பட்டதா, நீக்கப்பட்டதா என எண்ணிப்பார்க்க வேண்டும். நச்சுநிரல் எதிர்ப்பானின் ஒதுக்கப்பட்ட கோப்புகள் பட்டியலையும் காண வேண்டும்.
3. கோப்பு அம்மென்பொருளுக்கே உரியதாயின், அதை நீக்கிவிட்டு உற்பத்தியாளரிடமிருந்து பெற்ற நிறுவியைக் கொண்டு மீண்டும் நிறுவ வேண்டும்.
4. கோப்பு விசுவல் சி++ போன்ற இயக்கநேரத் தொகுப்பைச் சேர்ந்ததாயின், முழுத்தொகுப்பையும் மைக்ரோசாப்ட் தளத்திலிருந்து பெற்று நிறுவ வேண்டும். 64-பிட் கணினியிலும் 32-பிட் மென்பொருட்கள் இயங்குவதால் இரு வகைத் தொகுப்புகளும் தேவைப்படலாம்.
5. கோப்பு இயக்குதளத்தைச் சேர்ந்ததாயின், நிர்வாகி உரிமையுடன் எஸ்எஃப்சி கட்டளையை ஸ்கேன்நவ் தெரிவுடன் இயக்கிப் பழுதான கோப்புகளை மீட்கலாம். விண்டோஸ் 8 முதலான பதிப்புகளில், மீட்புக்குரிய மூலப்படிகளே பழுதடைந்திருந்தால் முதலில் டிஸ்ம் கட்டளையால் அவற்றைச் சீர்செய்ய வேண்டும்.
6. இவற்றால் தீராவிடில், பிராசஸ் மானிட்டர் கருவியைக் கொண்டு மென்பொருள் எந்தெந்தக் கோப்புறைகளில் எக்கோப்பைத் தேடித் தோல்வியுறுகிறது என்பதைக் காணலாம். ஸ்டீவ் மில்லர் உருவாக்கிய டிபெண்டன்சி வாக்கர் கருவி சார்புகளை மரவடிவில் காட்டும். புதிய விண்டோஸ் பதிப்புகளில் இது தவறான எச்சரிக்கைகளைத் தருவதால், இதனைப் பின்பற்றி எழுதப்பட்ட டிபெண்டன்சீஸ் என்னும் திறந்தமூலக் கருவி பயன்படுத்தப்படுகிறது.

ரெக்எஸ்விஆர்32 கட்டளையால் கோப்பைப் பதிவுசெய்வது எல்லாச் சிக்கல்களுக்கும் தீர்வாகப் பலராலும் கூறப்படுகிறது. இக்கட்டளை, தன்னைத்தானே பதிவுசெய்துகொள்ளும் செயற்கூறு கொண்ட காம் வகை நூலகங்களுக்கு மட்டுமே பொருந்தும். பிற நூலகங்களில் இதை இயக்கினால் நுழைவிடம் இல்லை என்ற செய்தி வரும். அது கோப்பின் பழுதைக் குறிப்பதன்று.

தனிக்கோப்பாகப் பதிவிறக்குவதன் இடர்கள்

காணாமற்போன கோப்பின் பெயரை இணையத்தில் தேடினால், அக்கோப்பை மட்டும் தனியே வழங்கும் பல தளங்கள் தோன்றும். இவற்றைத் தவிர்ப்பதே நன்று. நூலகத்தின் நிரற்பகுதி, அதை ஏற்றும் மென்பொருளின் எல்லா உரிமைகளுடனும் இயங்கும். ஆகவே தீநிரல் கலந்த ஒரு நூலகம், மென்பொருள் அணுகக்கூடிய அனைத்தையும் அணுக வல்லது. கோப்பு தூயதாக இருப்பினும் பதிப்போ பிட் வகையோ பொருந்தாமல் போகலாம். பெரும்பாலான நூலகங்கள் வேறு நூலகங்களையும் நம்பியிருப்பதால், ஒன்றை வைத்ததும் அடுத்த கோப்பைக் கேட்டு மற்றொரு பிழை எழும். தனியே வைக்கப்பட்ட கோப்பு பாதுகாப்பு இற்றைப்படுத்தல்களைப் பெறாது பழையதாகவே தங்கிவிடுவதும் உண்டு.

பிற இயக்குதளங்களில்

லினக்ஸில் பகிர்வு நூலகங்களின் பெயரில் .எஸ்ஓ என்ற நீட்சியும், அதையடுத்துப் பதிப்பு எண்ணும் இடம்பெறும். பொருந்தாத மாற்றம் செய்யப்படும்போது முதன்மை எண் மாற்றப்படுவதால் பழையதும் புதியதும் ஒருங்கே இருக்க முடியும். ஒரு நிரலின் சார்புகளை எல்டிடி கட்டளை பட்டியலிடும்; கிடைக்காதவை அதில் குறிக்கப்படும். இக்கட்டளை சில சூழல்களில் நிரலையே இயக்கிவிடக்கூடும் என்பதால், நம்பகமற்ற கோப்புகளில் இதைப் பயன்படுத்தக் கூடாது. காணாத நூலகத்தைப் பொதி மேலாளர் மூலம் நிறுவுவதே முறை. மாக் இயக்குதளத்தில் இத்தகைய நூலகங்கள் .டைலிப் என்ற நீட்சியைக் கொண்டுள்ளன. அங்கு ஓடூல் கருவி சார்புகளைக் காட்டும்.

2014 ஏப்ரலில் ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தில் ஹார்ட்பிளீட் எனப்பட்ட குறைபாடு வெளிப்பட்டபோது, அந்நூலகத்தை இயங்குநிலையில் பகிர்ந்த நிரல்களின் நிரற்பிழையை, நூலகக் கோப்பை மாற்றி நிரல்களை மீளத் தொடங்குவதன் மூலம் நீக்க முடிந்தது. நிலையாக இணைக்கப்பட்ட நிரல்களையோ ஒவ்வொன்றாக மீண்டும் உருவாக்க வேண்டியிருந்தது. இதன் மறுபக்கம் 2024 மார்ச்சில் தெரிந்தது. எக்ஸ்இசட் என்னும் சுருக்க நூலகத்தின் 5.6.0, 5.6.1 பதிப்புகளில் வேண்டுமென்றே புகுத்தப்பட்ட பின்கதவு, அதை மறைமுகமாக ஏற்றிய எஸ்எஸ்எச் சேவையகத்தைக் குறிவைத்தது. உள்நுழைவு வழக்கத்தைவிட அரை விநாடி தாமதமாவதை ஆராய்ந்த ஆண்ட்ரஸ் பிராய்ண்ட் என்னும் மென்பொருள் பொறியாளர் இதனைக் கண்டறிந்தார். ஒரு நிரல் எந்தெந்த நூலகங்களை ஏற்றுகிறது, அவை எங்கிருந்து வந்தன என அறிந்திருத்தல் பழுதுபார்ப்போருக்கு மட்டுமன்றிக் கணினிப் பாதுகாப்புக்கும் தேவையானது என்பதற்கு இது சான்றாகும்.

இவற்றையும் பார்க்க

* இயக்குதளம்
* தொகுப்பி
* நச்சுநிரல்
* ஒருங்குறி
* லினக்ஸ்